முன்கூட்டிப் போட்ட கையெழுத்து

திங்கட்கிழமை காலை எட்டே முக்காலுக்கு அவள் வருகைப் பதிவேட்டைத் திறந்தபோது, அவள் பெயருக்கு நேரே, அன்றைய கட்டத்தில், கையெழுத்து ஏற்கெனவே போடப்பட்டிருந்தது.

வரி மாறிப் பார்க்கிறோம் என்றுதான் முதலில் நினைத்தாள். ஸ்கேலை எடுத்துத் தன் பெயருக்கு அடியில் வைத்து, தேதியிலிருந்து விரலை இறக்கி, இரண்டும் சந்திக்கும் இடத்தைப் பார்த்தாள். அதே கட்டம்தான். நீல மை. பெரிதாக வளைந்து எழும் முதல் எழுத்து, அடியில் இழுத்துவிட்ட ஒரு கோடு, கோட்டின் முனையில் இரண்டு புள்ளிகள். விரலை வைத்தாள். மை விரலோடு ஒட்டிக்கொண்டு வந்தது.

ஆய்வகத்தில் அந்த நேரத்துக்கு அவளைத் தவிர ஒரே ஒரு ஆள்தான் உண்டு. பாட்டில் கழுவும் அட்டெண்டர். பின்னறையில் அவர் திறந்துவிட்ட குழாய் ஓடிக்கொண்டிருந்தது. பிளீச்சிங் பவுடர் வாடையும், வெள்ளிக்கிழமை வேகவைத்த ஏதோ ஒன்றின் புளித்த சூப்பு வாடையும் கலந்து கூடத்தில் நின்றன. பக்கத்து அறையில் இன்குபேட்டர் முனகியது. தண்ணீரில் இருக்கும் கிருமிகளை வளர்த்துப் பார்க்கிற சூட்டுப்பெட்டி அது. முப்பத்தேழு டிகிரி, ஆள் உடம்பின் சூடு. இரவும் பகலும் அணைக்கமாட்டார்கள்.

"அண்ணே, எனக்கு முன்னாடி யாராவது வந்தாங்களா?"

"உனக்கு முன்னாடி யாரு தங்கச்சி வரப்போறா? மேடமே ஒம்பதுக்குத்தான்."

"என் பேர்ல யாரோ கையெழுத்துப் போட்டிருக்காங்க."

"நல்லதாப் போச்சு. உனக்கு ஒரு வேலை மிச்சம்," என்று அவர் குழாயை மூடாமலே சொன்னார்.

அவளுக்குச் சுர்ரென்று வந்தது. இந்த இடத்தில் யார் எதைச் சொன்னாலும் கடைசியில் அவள்தான் கேலிப்பொருள். பேனாவை எடுத்து, அந்தப் பெரிய கையெழுத்துக்குக் கீழே இருந்த இத்துனூண்டு இடத்தில், தன்னுடைய உண்மையான கையெழுத்தை நெருக்கிப் போட்டாள்.

ஒன்பது பத்துக்கு இன்சார்ஜ் மேடம் சிவப்புப் பேனாவோடு பதிவேட்டுக்கு வந்தார். தாமதமாக வருகிறவர்களுக்கு ஒரு கோடு இழுப்பது அவருடைய அன்றாட இன்பம். அவள் பெயரில் வந்து நின்றார்.

"என்னம்மா இது, ஒரு நாளைக்கு ரெண்டு தடவை வேலைக்கு வர்றியா?"

"மேடம், மேலே இருக்கிறது நான் போட்டதே இல்ல. அதுக்குத்தான் நான் உங்ககிட்ட..."

மேடத்தின் போன் அடித்தது. அவர் ஒரு விரலை உயர்த்தினார். இரு. அவள் இருந்தாள். அவள் வாழ்க்கையில் பெரியவர்கள் எல்லாருக்கும் இந்த விரல் உண்டு. அப்பா செய்தி பார்க்கும்போது, அம்மா போனில் பேசும்போது, பள்ளியில் டீச்சர், வங்கியில் கண்ணாடிக்குப் பின்னால் இருக்கிற ஆள். முகத்தைத் திருப்பக்கூட மாட்டார்கள், விரல் மட்டும் மேலே போகும். அதைப் பார்த்ததும் அவள் கால் தானாக நின்றுவிடும். பத்தொன்பது வயசாகியும் இது மாறவில்லை.

போனை வைத்துவிட்டு மேடம், "மேலே இருக்கிறதுதாம்மா கையெழுத்து. ஆறு மாசமா நீ போட்டது கோழி கிளறினது. வெள்ளிக்கிழமை உனக்கு பெர்மனெண்ட் ஆர்டர் வருது. இதையே போடு, இதுதான் ஆயுசுக்கும்," என்றார். கீழே இருந்ததைச் சிவப்பு மையால் அடித்தார். அடித்த கோடு காகிதத்தைக் கிழித்துவிட்டது.

*

வெள்ளிக்கிழமை. அந்த ஒரு நாளுக்காகத்தான் அவள் ஆறு மாதம் டிரெய்னி என்ற பெயரில் எல்லாருடைய எச்சில் டீ டம்ளரையும் எடுத்துப் போட்டாள்.

வீட்டில் அவள் பெயர் குட்டி. ஒற்றைப் பிள்ளை, பிறந்தபோது வைத்த செல்லப் பெயர், பத்தொன்பது ஆண்டாகியும் போகவில்லை. மேலே பரணிலிருந்து ஏதாவது எடுக்க வேண்டுமென்றால், "எருமை மாதிரி வளர்ந்திருக்கே, எடுத்துக் குடுத்தா என்ன?" தோழிகளோடு இரண்டு நாள் வெளியூர் போகிறேன் என்றால், "சின்னப் பிள்ளை, உனக்கு என்ன தெரியும்?" எருமையா, சின்னப் பிள்ளையா, ஏதாவது ஒன்றை முடிவு பண்ணித் தொலையுங்களேன் என்று ஒருநாள் கத்திவிட்டாள். "ரெண்டுங்கெட்டான் வயசு, அப்படித்தான் கத்தும்," என்று அப்பா விரலை உயர்த்தியபடியே அம்மாவிடம் சொன்னார். அந்த ஆர்டர் காகிதத்தைக் கொண்டுபோய் இருவர் முன்னாலும் விரித்து வைக்க வேண்டும். அதன் பிறகு யாராவது குட்டி என்று கூப்பிடட்டும், பார்க்கலாம்.

ஆனால் மேடத்திடம் அவள் சொல்லாமல் விட்ட ஒன்று இருந்தது. அந்தக் கையெழுத்தை அவளுக்குத் தெரியும்.

பதினாலு வயசில் கணக்கில் முப்பத்தொன்று வாங்கியபோது அவளே உருவாக்கியது அது. மதிப்பெண் அட்டையில் 'பெற்றோர் / பாதுகாவலர்' என்று ஒரு கட்டம் இருக்குமே, அதற்காக. அம்மாவின் கையெழுத்தைத் திருடப் பயம். அதனால், பெரியவள் ஆனால் நான் எப்படிப் போடுவேனோ அப்படிப் போடுகிறேன், எனக்கு நானே பாதுகாவலர் என்று நோட்டின் கடைசிப் பக்கங்களில் நூறு தடவை போட்டுப் பழகினாள். அம்மா பிடித்துவிட்டாள். கரண்டியால் இரண்டு வைத்து, பக்கங்களைக் கிழித்து அடுப்பில் போட்டாள். அதற்குப் பிறகு அந்தக் கையெழுத்தை அவள் தொடவே இல்லை, போன வெள்ளிக்கிழமை மதியம் வரைக்கும்.

ஆய்வகத்துக்குக் கிணறு, தொட்டி, குழாய் என்று எங்கிருந்தெல்லாமோ தண்ணீர் பாட்டிலில் வரும். பாட்டில் கைக்கு வந்ததும் ரோலிலிருந்து ஒரு லேபிளைச் சர்ரக்கென்று உரித்து, எடுத்த இடம், எடுத்த நேரம், பெற்றுக்கொண்டவர் என்று எழுதி, கையெழுத்துப் போட்டு ஒட்ட வேண்டும். பாட்டில் கையில் இல்லாமல் வெற்று லேபிளில் மட்டும் கையெழுத்துப் போடவே கூடாது. "போட்டா அந்தத் தண்ணிக்கு நீதான் பொறுப்பு. குடிச்சவனுக்கு ஏதாவது ஆனா உன்னைத்தான் தேடி வருவாங்க," என்று முதல் நாளே மேடம் மிரட்டியிருந்தார்.

போன வெள்ளிக்கிழமை அறுபது பாட்டில் வருவதாகச் சொல்லியிருந்தார்கள். "ஆமை கூட உன்னைவிட வேகம்," என்று மேடம் எல்லார் எதிரிலும் சொன்னார். மதியம் எல்லாரும் சாப்பிடப் போன நேரத்தில், ஒரு ரோல் முழுக்க வெற்று லேபிள்களில் முன்கூட்டியே கையெழுத்துப் போட்டு வைத்துவிடலாம் என்று அவள் உட்கார்ந்தாள். பத்தாவது லேபிளில் கை வலித்தது. பதினோராவதில் கை தானாக அந்தப் பழைய கையெழுத்துக்குப் போனது. வளைவு, கோடு, இரண்டு புள்ளி. எவ்வளவு வேகம், எவ்வளவு சுலபம்! மீதியெல்லாம் அப்படியே ஓடியது. ஒவ்வொன்றிலும் தான் கொஞ்சம் பெரியவள் ஆகிவிட்ட மாதிரி அவளுக்குப் பெருமையாகக்கூட இருந்தது.

அன்றைக்கு வந்தது பத்தே பாட்டில். மீதி ஐம்பது லேபிளோடு ரோலை மேசை இழுப்பறையில் போட்டுப் பூட்டினாள்.

இப்போது திங்கட்கிழமை இழுப்பறையைத் திறந்தாள். பூட்டு பூட்டியபடிதான் இருந்தது. ரோல் இல்லை.

பக்கத்து அறையிலிருந்து சத்தம் கேட்டது. சர்ரக்.

எட்டிப் பார்த்தாள். இன்குபேட்டர் மட்டும் முனகிக்கொண்டிருந்தது. அறையில் யாரும் இல்லை.

*

அன்றிரவு தலையணையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதாள். பயம் என்று சொல்ல முடியாது. எரிச்சல். சொல்ல ஆளில்லாத எரிச்சல்.

செவ்வாய்க்கிழமை ஒரு மணி நேரம் முன்னதாகவே கிளம்பினாள். பேருந்தில் கண்டக்டர் அரை டிக்கெட்டைக் கிழித்துக் கையில் வைத்தார்.

"அண்ணே, எனக்குப் பத்தொம்பது வயசு."

"சரி பாப்பா, எனக்குத் தொண்ணூறு," என்றார் அவர். பேருந்தில் நாலு பேர் சிரித்தார்கள்.

பதிவேட்டில் கையெழுத்து இருந்தது. ஈரமாக. அவள் அதன் மேல் இரண்டாவது ஒன்றைப் போடவில்லை. நேரே குளிர்பெட்டிக்குப் போனாள். காலையில் வந்த பாட்டில்களை அங்கேதான் வைப்பார்கள். இந்த நேரத்துக்கு அது காலியாக இருக்க வேண்டும். நாலு பாட்டில்கள் வரிசையாக நின்றன. எல்லாவற்றிலும் அவள் கையெழுத்துப் போட்ட லேபிள். மற்ற விவரங்களும் அவள் எழுத்துதான், ஆனால் அவளால் ஒருநாளும் எழுத முடியாத நேர்வரிசை.

எடுத்த இடம்: வீடு, சமையலறைக் குழாய். காலை 4.40.

எடுத்த இடம்: வீடு, குளியலறை வாளி. காலை 4.45.

எடுத்த இடம்: வீடு, கட்டிலருகே டம்ளர். காலை 4.50.

நாலாவது பாட்டிலில் அடியில் ஒரு விரற்கடை அளவுக்குத்தான் ஏதோ இருந்தது. லேசாகக் கலங்கிய தண்ணீர். ஒரு பஞ்சு நூல் மிதந்தது. எடுத்த இடம் என்ற வரியில், தலையணை என்று எழுதியிருந்தது.

குளிர்பெட்டியின் கதவு திறந்தே கிடந்தது. எவ்வளவு நேரம் அப்படி நின்றாள் என்று அவளுக்குத் தெரியவில்லை. அட்டெண்டர் வந்து மூடினார்.

"கரெண்டு வீணாப் போகுது பாப்பா," என்றார். நேற்று வரைக்கும் தங்கச்சி.

சாயங்காலம் வீட்டில் அம்மா வாசலிலேயே சிரித்த முகமாக நின்றாள். அதுவே ஓர் அதிசயம். "இன்னிக்குத்தாண்டி எனக்கு மனசு நிறைஞ்சுது. நாலரை மணிக்கே எழுந்து, வாளியெல்லாம் ரொப்பி வெச்சு, துணி மடிச்சு வெச்சுட்டுக் கிளம்பிட்டியே."

"நான் ஆறரைக்கு எழுந்தேம்மா."

"ஆமா, மறுபடி வந்து படுத்துட்டே. அதுதான் எதுக்குன்னு புரியல."

"மறுபடியா? அம்மா, நான் போகவே இல்ல. அது நான் இல்ல!"

அப்பா செய்தியிலிருந்து கண்ணை எடுக்காமல், "நேத்து அந்தத் தண்ணி கனெக்‌ஷன் மனுவுல கையெழுத்துக் கேட்டேன். எப்படிப் போட்டா தெரியுமா? பெரிய மனுஷி," என்று அம்மாவிடம் சொன்னார். அவள் வாயைத் திறந்தாள். அப்பாவின் விரல் மேலே போனது.

*

புதன்கிழமை மேடத்திடம் எல்லாவற்றையும் சொல்லிவிடுவது என்று முடிவு செய்தாள். வெற்று லேபிள், ஐம்பது கையெழுத்து, எல்லாம். வேலை போனால் போகட்டும். இல்லை, போகக் கூடாது. ஆனாலும் சொல்லிவிட வேண்டும். மாட்டியிருந்த தன் வெள்ளைக் கோட்டை எடுத்துப் போட்டுக்கொண்டாள். கோட்டின் கைகள் விரலைத் தாண்டித் தொங்கின. யாருடையதையோ எடுத்துவிட்டோம் என்று கழற்றிப் பார்த்தாள். கழுத்துப் பட்டையில் அவள் எழுதிய எண்தான், பையில் அவள் தைத்த கிழிசல்தான். மடித்துவிட்டுக்கொண்டு மேடத்தின் மேசைக்குப் போனாள்.

"மேடம், நான் ஒரு தப்புப் பண்ணிட்டேன். பாட்டில் வர்றதுக்கு முன்னாடியே லேபிள்ல கையெழுத்துப் போட்டுட்டேன். அந்த லேபிளை இப்ப யாரோ எடுத்து..."

மேடம் அறிக்கை ஒன்றைப் படித்துக்கொண்டிருந்தார். பத்து நாளாக அவள் முடிக்காமல் வைத்திருந்த அறிக்கை. முடிந்திருந்தது. கடைசிப் பக்கத்தில் வளைவு, கோடு, இரண்டு புள்ளி.

"என்ன வேலை, என்ன சுத்தம்!" என்று மேடம் தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். பிறகு அவளை நிமிர்ந்து பார்த்தார். கோபமே இல்லாத முகம். ஆறு மாதமாக அவள் பார்க்காத கனிவு.

"என்ன குட்டி, பசிக்குதா?"

இந்த ஆய்வகத்தில் அந்தப் பெயர் யாருக்கும் தெரியாது. அவள் யாரிடமும் சொன்னதே இல்லை.

அவள் திரும்பினாள். நடக்கும்போது கோட்டின் நுனி முழங்காலுக்குக் கீழே இடித்துக்கொண்டே வந்தது.

வியாழக்கிழமை விடுப்பு எடுத்து அறைக்குள் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டாள். எனக்கு எழுத வராதா என்ன என்று ஒரு தாளை எடுத்தாள். வெள்ளிக்கிழமை மேடம் முன்னால் அதே பெரிய கையெழுத்தைத் தானே போட்டுக் காட்டிவிட்டால் முடிந்தது. ஆர்டர் யார் கைக்கு வரும்? போடுகிறவள் கைக்குத்தான். பேனாவை வைத்தாள். வளைவு வரவில்லை. முழுப் பெயரும் உருண்டை உருண்டையாக வந்தது, நாலு கோடு நோட்டில் எழுதுகிற மாதிரி, ஒவ்வொரு எழுத்தும் தனித்தனியாக. மறுபடி எழுதினாள். மறுபடியும் உருண்டை. நாக்கு வெளியே வந்து மேலுதட்டைத் தொட்டுக்கொண்டிருப்பதைக் கவனித்து உள்ளே இழுத்துக்கொண்டாள். சின்ன வயதில் எழுதும்போது அப்படித்தான் செய்வாள்.

கதவுக்கு வெளியே அம்மா யாரிடமோ பேசிக்கொண்டிருந்தாள். தாழ்ந்த குரலில், ரகசியம் பேசுகிற மாதிரி. அம்மா அவளிடம் ஒருநாளும் அப்படிப் பேசியதில்லை. பணிவாக, கலந்து பேசுகிற தொனியில்.

"நீ என்ன சொல்றியோ அப்படியே செஞ்சிடலாம்மா. எனக்கு என்ன தெரியும்?"

பதில் கேட்கவில்லை. சர்ரக் என்று ஒரு சத்தம் மட்டும்.

*

வெள்ளிக்கிழமை விடிவதற்குள் கிளம்பினாள். முதல் பேருந்தில் நின்றபோது மேலே இருக்கும் கம்பி எட்டவில்லை. குதிகாலை உயர்த்தினாள். எட்டவில்லை. இருக்கையின் முதுகைப் பிடித்துக்கொண்டாள். கண்டக்டர் டிக்கெட்டே கேட்கவில்லை, கன்னத்தைத் தட்டிவிட்டுப் போனார்.

ஆய்வகம் திறந்திருந்தது. பின்னறையில் குழாய் ஓடியது. பாட்டில்களை ஆவியில் சுத்தம் செய்கிற ஆட்டோகிளேவ் எங்கோ உஸ்ஸென்று மூச்சுவிட்டது. பிளீச்சிங் பவுடர் வாடைக்குள் புதிதாக ஒரு வாடை, வீட்டு சோப்பின் வாடை, அம்மா அலமாரியில் பூட்டி வைத்திருக்கிற நல்ல சோப்பு. மேசையின் மேல் பதிவேடு. அவள் நாற்காலியில் முட்டி போட்டு ஏறி அதைத் திறந்தாள்.

வெள்ளிக்கிழமைக் கட்டம் காலி.

அவளுக்கு அழுகை வந்துவிட்டது, சந்தோஷத்தில். முதலில் வந்துவிட்டாள்! பேனாவை எடுத்தாள். இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். எழுதினாள். உருண்டை எழுத்துகள் கட்டத்தைத் தாண்டி, அடுத்தவர் பெயரையும் தாண்டி, பக்கத்தின் பாதிக்குப் போயின. பரவாயில்லை. என் பெயர். நான் போட்டது. நான்தான்.

சர்ரக்.

இன்குபேட்டர் அறைக் கதவில் ஒரு சதுரக் கண்ணாடி உண்டு. அது அவள் நெற்றிக்கு மேலே இருந்தது. போன வாரம் கழுத்துக்கு நேரே இருந்தது. எம்பினாள்.

உள்ளே ஒருத்தி உட்கார்ந்திருந்தாள். முதுகு மட்டும் தெரிந்தது. வெள்ளைக் கோட்டு. பையில் தைத்த கிழிசல். தோளுக்கும் கைக்கும் அளவெடுத்த மாதிரி அது பொருந்தியிருந்தது. கூந்தலைத் தூக்கி முடிந்திருந்தாள், இவளுக்கு எத்தனை தடவை முயன்றும் வராத முடிச்சு. கையில் ரோல். உரித்தாள். எழுதினாள். ஒட்டினாள். உரித்தாள். அவசரமே இல்லை. பக்கத்தில் வரிசையாகப் பாட்டில்கள்.

இவள் கதவைத் தள்ளினாள்.

"யாரு நீ?"

குரல் கீச்சென்று வந்தது. அந்தக் குரலை அவள் பல வருடம் முன்னாலேயே தொலைத்திருந்தாள்.

உட்கார்ந்திருந்தவள் திரும்பவில்லை. எழுதிக்கொண்டிருந்த கை நிற்கவில்லை. மற்றொரு கை எழுந்தது. ஒரு விரல்.

இரு.

அவள் நின்றாள்.

போ, போய் அந்த நாற்காலியைத் திருப்பு என்று மனசு கத்தியது. கால் நகரவில்லை. பேசு. வாய் திறக்கவில்லை. அவர்கள் வேலையாக இருக்கும்போது நடுவில் பேசக் கூடாது. விரல் இறங்கும் வரைக்கும் பேசக் கூடாது. சூடான காற்று. முனகல். சர்ரக். எழுதும் சத்தம். சர்ரக். கடிகாரத்தில் ஏழு. எட்டு. கால் வலித்தது. சர்ரக். ஒன்பது.

மேடம் உள்ளே வந்தார். அவள் தலையைத் தடவிவிட்டுத் தாண்டிப் போனார்.

"என்ன குட்டி, இங்க நிக்கிறே? அக்கா வேலையா இருக்கா பாரு."

பிறகு கூடத்திலிருந்து அவர் குரல் கேட்டது. "பதிவேட்டுல யாரு இப்படிக் கிறுக்கினது? வொயிட்னர் எங்கே?"

அட்டெண்டர் அவள் கையைப் பிடித்து வெளியே கூட்டிப்போனார். அவர் கைக்குள் அவள் கை முழுசாக அடங்கிவிட்டது. மரத்தடி பெஞ்சில் உட்கார வைத்தார். கால் தரையைத் தொடவில்லை. ஜன்னல் வழியாகக் கூடம் தெரிந்தது. மேடம் ஓர் உறையை நீட்டினார். வெள்ளைக் கோட்டுக் கை ஒன்று அதை வாங்கியது. எல்லாரும் கை தட்டினார்கள்.

அவள் குதித்து இறங்கி ஓடினாள்.

*

அம்மாவிடம் முதலில் போய்ச் சேர வேண்டும். அம்மாவுக்குத் தெரியும். பெற்றவளுக்குத் தெரியாமல் போகுமா? தெரிந்த தெருக்கள்தான், ஆனால் நீண்டுகொண்டே போயின. இரண்டு இடத்தில் விழுந்தாள். முட்டி சிராய்த்தது. வீட்டு அழைப்புமணி எட்டவில்லை. கதவை உள்ளங்கையால் தட்டினாள், தட்டினாள், தட்டிக்கொண்டே இருந்தாள்.

அம்மா திறந்தாள்.

"அம்மா! அது நான் இல்லம்மா! நான்தாம்மா நான்! என் வேலையை எடுத்துக்கிட்டாம்மா, என் கையெழுத்து, எல்லாம்... நான்தான் உன் பொண்ணு, எனக்குப் பத்தொம்பது வயசு!"

அம்மா குனிந்து அவளை அணைத்துக்கொண்டாள். உடம்பு முழுக்க அணைப்புக்குள் போய்விட்டது. எத்தனை வருடம் ஆயிற்று இப்படி அணைத்து! ஒரு நிமிடம் அவள் எல்லாவற்றையும் மறந்து அந்தப் புடவை வாசத்தில் முகத்தை வைத்தாள்.

"அக்காகூடச் சண்டையா?" என்றாள் அம்மா.

"எனக்கு அக்கா கிடையாதும்மா."

அம்மா சிரித்தாள். "நல்லாத்தான் சொன்னே. வா, முகம் கழுவு. அக்காவுக்கு வேலை பெர்மனெண்ட் ஆயிடுச்சு, தெரியுமா? இனிமே நம்ம எல்லாரையும் அவதான் பாத்துக்கப் போறா."

சுவர் ஆணியில் பள்ளிச் சீருடை மாட்டியிருந்தது. புதுசு, இஸ்திரி போட்டது. அவள் உதறி உதறி அழ அழ அம்மா அதை அவளுக்குப் போட்டுவிட்டாள். அளவு சரியாக இருந்தது. கழுத்துக்குப் பின்னால் ஏதோ உறுத்தியது. பிள்ளைகளின் துணி மாறிப்போகாமல் இருக்கப் பெயர் ஒட்டுவார்களே, அந்த இடம். விரலை விட்டுத் தடவினாள். காகித லேபிளின் விளிம்பு. பிடுங்கப் பார்த்தாள். அது துணியில் ஒட்டியிருக்கவில்லை. அவள் தோலில் ஒட்டியிருந்தது.

"அழாதே. இந்தா, டூர் போறதுக்குப் பேப்பர் குடுத்திருக்காங்க. அக்காகிட்டக் கையெழுத்து வாங்கிக்கோ. போ."

அப்பா செய்தி பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்குப் பக்கத்தில், மேசையில், கூடத்துக்கு முதுகைக் காட்டி ஒருத்தி உட்கார்ந்திருந்தாள். தூக்கி முடிந்த கூந்தல். நல்ல சோப்பு வாடை. முன்னால் ரோல், ஏறக்குறைய காலி. இவளைக் கண்டதும் அப்பா செய்தியின் சத்தத்தைக் குறைத்தார். இவளுக்காக இல்லை. வேலை செய்கிறவளுக்குத் தொந்தரவாக இருக்கக் கூடாதென்று.

திரும்பாமலே ஒரு கை பின்னால் நீண்டு காகிதத்தை வாங்கியது. பேனா ஓடும் சத்தம். வளைவு. கோடு. இரண்டு புள்ளி. காகிதம் திரும்பி வந்தது. அடியில், 'பெற்றோர் / பாதுகாவலர்' என்ற கட்டத்துக்குள், நீல மை ஈரமாக மின்னியது. அவள் பதினாலு வயசில் நோட்டின் கடைசிப் பக்கத்தில் நூறு தடவை போட்டுப் பழகிய அதே கையெழுத்து. ஒரு பிசிறு இல்லாமல்.

"இது என்னோடது," என்றாள் அவள். "திருப்பிக் குடு. அது என்னோடது."

விரல் மேலே போனது.

அம்மா சமையலறையில் பாத்திரம் எடுத்தாள். அப்பா செய்தி பார்த்தார். அவள் சிராய்த்த முட்டியோடு, காகிதத்தைப் பிடித்துக்கொண்டு, அந்த முதுகுக்குப் பின்னால் நின்றாள். வெளிச்சம் ஜன்னலிலிருந்து தரைக்கு இறங்கி, தரையிலிருந்து சுவருக்கு ஏறி, அணைந்தது. விளக்கு போட்டார்கள். சாப்பிட்டார்கள். பாத்திரம் கழுவினார்கள்.

விரல் இன்னும் இறங்கவில்லை.